பாப்பா என்றாள் என் மகள்

1

எனக்கு முடி வெட்டுகிறவர் ஒரு குர்து மனிதர். ஒவ்வொரு முறையும் மெஷினைக் கையில் எடுத்ததும், "இந்தத் தடவை முழுசா எடுத்துரட்டுமா?" என்று கேட்பார். வெயில் வந்துவிட்டால் ஜெர்மனியின் இந்தச் சின்ன ஊரில் பாதி ஆண்கள் மொட்டைதான். நான் மட்டும் இரண்டு கையையும் தலைமேல் வைத்து மூடிக்கொள்வேன். அவருக்குச் சிரிப்பு. ஊரிலே எனக்கு என்ன நடந்தது என்று அவரிடம் சொல்லவில்லை. சொல்கிற அளவுக்கு என் ஜெர்மன் கிடையாது, அவருடையதும் அப்படித்தான்.

இந்த ஆடியோடு அது நடந்து ஒரு வருசம். அதனால் உங்களிடம் சொல்கிறேன்.

இங்கே என்னை வேறு யாரோ என்று நினைப்பது அன்றாடச் சங்கதி. சரக்குக் கிடங்கில் என்னோடு கானா நாட்டுக்காரர் எம்மானுவேல் வேலை பார்க்கிறார். என்னைவிட ஒரு முழம் உயரம், தோள் இரண்டும் கதவு மாதிரி. மேற்பார்வையாளர் என்னை எம்மானுவேல் என்பார், அவரை என் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். முதலில் திருத்தினோம். இப்போது யாரைக் கூப்பிட்டாலும் யாருக்குக் கை ஒழிவோ அவர் போய் நிற்கிறோம். மகளைக் கூட்டிவரப் பள்ளிக்கூட வாசலில் நின்றால், புதிதாக வந்த டீச்சர் என்னிடம், "டாக்ஸி எங்கே நிற்கிறது?" என்று கேட்கிறார்.

மகள் மீராவுக்கு அப்போது ஆறு வயது. அவள் அம்மா காத்ரினை உரித்து வைத்த பிள்ளை. பால் நிறம். முடி, காய்ந்த சோளத்தட்டையின் நிறம். நானோ கரிசல். மழை பெய்து ஒரு நாள் ஆன கரிசல் என்று வைத்துக்கொள்ளுங்கள். நாங்கள் கை கோத்து நடந்தால் பார்க்கிறவர்கள் ஒரு முறை என்னைப் பார்ப்பார்கள், ஒரு முறை அவளைப் பார்ப்பார்கள், பிறகு கோத்திருக்கிற கையைப் பார்ப்பார்கள்.

அவளுக்குத் தமிழ் கொஞ்சம்தான். சோறு, தண்ணி, வா, போதும். என்னை அப்பா என்று கூப்பிட அவள் கற்கவில்லை. இந்த நாட்டுப் பிள்ளைகள் அப்பனைக் கூப்பிடுகிற மாதிரியே 'பாப்பா' என்பாள். நானும் திருத்தவில்லை. நம்மூரில் கைப்பிள்ளையைக் கூப்பிடுகிற சொல்லால் தாடி வைத்த ஆளைக் கூப்பிடுகிறாளே என்று உள்ளுக்குள் ஒரு குளிர்ச்சி.

2

போன வருசம் காத்ரினுக்கு ஆஸ்பத்திரியில் லீவு கிடைக்கவில்லை. நானும் மீராவும் மட்டும் கிளம்பினோம். ஒரு தகப்பன் தன் பிள்ளையைத் தனியாக நாடு தாண்டிக் கூட்டிப்போவதற்கு, தாய் சம்மதித்துக் கையெழுத்துப் போட்ட கடிதம் ஒன்று கையில் இருந்தால் நல்லது என்றார்கள். எங்கள் விசயத்தில் இன்னொரு சிக்கல். மீராவுக்குக் காத்ரின் வீட்டுக் குடும்பப் பெயர். எனக்கு என் அப்பா பெயர்தான் குடும்பப் பெயராக நிற்கிறது. இரண்டு பாஸ்போர்ட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒருவருக்கொருவர் ஒட்டுமில்லை, உறவுமில்லை.

பிராங்க்பர்ட் விமான நிலையத்தில் கண்ணாடிக் கூண்டுக்குள் இருந்த அதிகாரி கடிதத்தைப் படித்தார். என் முகத்தைப் பார்த்தார். பிறகு எட்டிக் குனிந்து மீராவிடம் நேராகக் கேட்டார்.

"இவர் யாரு?"

"பாப்பா."

படாரென்று முத்திரை விழுந்தது. இத்தனை காகிதம் செய்யாத வேலையை இந்த ஒரு சொல் செய்துவிட்டதே என்று நினைத்துக்கொண்டு, கூண்டுக்கு அந்தப் பக்கம் தரையில் போட்டிருந்த மஞ்சள் கோட்டைத் தாண்டினேன்.

3

எங்கள் குலசாமி எட்டயபுரத்துக்குக் கிழக்கே காட்டுக்குள் இருக்கிறது. மீரா பிறந்தபோதே, கோவில்பட்டியில் இருக்கிற என் அக்கா, பிள்ளைக்கு அங்கே முடி இறக்குவதாக நேர்ந்துவிட்டாள். காத்ரின், "அவள் முடி. அவளைக் கேள்" என்றாள். கேட்டேன். மீரா மாட்டேன் என்றாள். சாமியிடம் ஆள் மாற்றிக் கணக்குத் தீர்க்கலாம் என்று பூசாரி சொன்னதால் நான் உட்கார்ந்தேன். தலையும் போயிற்று, பதினைந்து வருசத் தாடியும் போயிற்று. அக்காவுக்கு இடுப்பு வலி, அவள் வரவில்லை. நானும் மீராவும் பக்கத்து ஊரில் பெரியப்பா மகன் வீட்டில் தங்கினோம்.

மூன்றாம் நாள் தலையில் குத்துக்குத்தாக முடி எழும்பியிருந்தது. மீராவுக்கு அது பெரிய விளையாட்டு. என்னைக் குனியச் சொல்லி உள்ளங்கையால் தேய்ப்பாள், கன்னத்தை வைத்து உரசுவாள், "ஈகல், ஈகல்" என்று சிரிப்பாள். ஈகல் என்றால் ஜெர்மனியில் தோட்டத்துக்குள் திரிகிற முள்ளெலி.

அன்று காலை பெரியப்பா மகன் எங்களைப் பைக்கில் கொண்டுவந்து மெயின் ரோட்டில் ஊர்ப்பாதை பிரிகிற விலக்கில் இறக்கிவிட்டு, "கோயில்பட்டி பஸ் இப்பம் வந்திரும்" என்று சொல்லிப் போய்விட்டான். விலக்கில் ஒரு டீக்கடை, ஒரு வேப்ப மரம். ஆடிக் காற்று புழுதியை அள்ளி அள்ளி வீசியது. மீரா என் போனில் கார்ட்டூன் பார்த்துக்கொண்டிருந்தாள். பஸ் வருவதற்குள் சார்ஜ் தீர்ந்து போன் அணைந்தது.

அதற்குத்தான் அத்தனை அழுகையும். போனை என் மேல் எறிந்தாள். தரையில் உட்கார்ந்தாள். தூக்கினால் உதைத்தாள். நான் அவளை ஒரு கையில் இடுக்கிக்கொண்டு பையை மறு கையில் இழுத்து நிழலுக்குப் போனேன்.

"என்ன, பிள்ள இந்த அழுக அழுது?" என்றார் டீக்கடை பெஞ்சில் இருந்த வெள்ளைச் சட்டைக்காரர். என்னைக் கேட்கவில்லை. பொதுவாகக் கேட்டார்.

"வெள்ளக்காரப் பிள்ள கணக்கா இருக்கே" என்றது இன்னொரு குரல்.

"இவன் மூஞ்சியப் பாருங்க. இது இவன் பெத்த பிள்ளையா?"

போனை நோண்டிக்கொண்டிருந்த ஒரு இளவட்டம் எழுந்தான். "அண்ணாச்சி, நேத்து குரூப்புல வந்துச்சுல்லா. வடக்க இருந்து லாரியில வந்து எறங்கியிருக்காங்களாம், பிள்ள பிடிக்கதுக்கு."

சின்ன வயதில் எங்கள் பக்கம் எங்காவது பாலம் கட்டினால், தூணுக்குப் பலி கொடுக்கப் பிள்ளை பிடிக்க வருகிறான் என்று எங்களைப் பொழுது சாயுமுன்னே வீட்டுக்குள் அடைப்பார்கள். இப்போது பாலம் வேண்டியதில்லை, போன் போதும் என்று பிறகு தோன்றியது. அந்த நேரத்தில் எதுவும் தோன்றவில்லை. பெஞ்சு காலியாகிவிட்டது, எல்லோரும் என்னைச் சுற்றி நிற்கிறார்கள் என்பது மட்டும் தெரிந்தது.

"யாரு பிள்ள இது?" என்றார் வெள்ளைச் சட்டைக்காரர்.

"என் மகள்."

"ஒம் மகளா?"

"ஓம்."

வாய் தவறிவிட்டது. ஜெர்மனிக்குப் போன புதிதில் எனக்கு வேலையும் சோறும் கொடுத்தது ஒரு யாழ்ப்பாணத்துக்காரரின் சமையற்கட்டு. பல வருசம் அவர்களோடேயே பேசிப் பேசி, ஆமாம் என்று சொல்ல வேண்டிய இடத்தில் எனக்கு ஓம்தான் வரும். லீவில் ஊருக்குப் போகும்போது அக்கா வீட்டில் கேலி செய்வார்கள், சிரிப்போம். அந்த விலக்கில் யாரும் சிரிக்கவில்லை.

"கேட்டியளா? ஓம்ங்கான்."

"வடக்கன்தான். பதில் சொல்லச் சொன்னா மந்திரம் சொல்லுதான்."

"மொட்டையப் பாருங்க. சாமியார் வேசம் போட்டு வந்திருக்கான்."

"கேளுங்கோ, நான் இந்தப் பக்கத்து ஆள்தான்" என்றேன். அந்த 'கேளுங்கோ'வும் யாழ்ப்பாணத்தாருடையதுதான். எத்தனை ராத்திரி தூக்கம் வராமல் கிடந்து, ஊர்ப் பேச்சை எனக்குள்ளேயே பேசிப் பார்த்திருக்கிறேன். வேண்டிய நேரத்தில் ஒரு வார்த்தை வரவில்லை.

"தமிழ் பேசுதானே" என்றார் டீ ஆற்றிக்கொண்டிருந்தவர்.

"தீப்பெட்டி ஆபீஸ்ல மூணு மாசம் இருந்தா அவனும்தான் பேசுவான். ஆனா நம்ம பேச்சாவா இருக்கு?"

பாஸ்போர்ட்டை எடுத்து நீட்டினேன். வெள்ளைச் சட்டைக்காரர் விரித்துப் பார்த்தார். அந்தப் படத்தில் எனக்குத் தலை நிறைய முடி, முகம் நிறையத் தாடி.

"இது யாரு?"

"நான்தான்."

"இதுல இருக்கவன் வேற, நீ வேற. பிள்ள பேரு ஒரு தினுசா இருக்கு, ஒம் பேரு ஒரு தினுசா இருக்கு. இதென்ன காயிதம்?"

அது காத்ரினின் சம்மதக் கடிதம். ஜெர்மன் மொழியில் இருந்தது. அதை அவர் தலைகீழாகவும் ஒரு முறை திருப்பிப் பார்த்தார். அக்காவுக்குப் போன் போடச் சொல்ல நினைத்தேன். நம்பர் செத்துப்போன என் போனுக்குள் இருந்தது. என் தலைக்குள் ஒரு நம்பரும் இல்லை. பெரியப்பா மகன் பேரைச் சொன்னேன், "எல்லாம் விசாரிச்சிட்டுத்தான் வந்திருக்கான்" என்றார்கள்.

"பிள்ளைகிட்டயே கேட்டிருவோம்" என்று அவர் குந்தி உட்கார்ந்தார். குரலைத் தணித்து, என் பக்கம் விரலை நீட்டி, "பாப்பா, இங்கன பாரு. இவரு ஒனக்கு யாரு?" என்று கேட்டார்.

விரலைப் பார்த்ததும் மீராவுக்குக் கேள்வி புரிந்துவிட்டது. விக்கலோடு சொன்னாள்.

"பாப்பா."

"பாப்பா நீதாம்மா. இவரு யாருன்னு கேக்கேன்."

"பாப்பா." இந்தத் தடவை கோபமாகச் சொன்னாள்.

"அய்யோ பாவம். பிள்ள அரண்டுபோயி தன்னத்தானே சொல்லுது."

"அது அப்படி இல்ல," என்றேன், "அவ ஊர்ல அப்பாவத்தான் பாப்பான்னு..."

"அப்பனுக்குப் பேரு பாப்பாவாம். கேட்டுக்கோங்க."

பயத்தில் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பயம் அப்படியும் வெளியே வரும் என்று அன்றுதான் தெரிந்தது. "என்னலே சிரிக்க?" என்று பக்கவாட்டிலிருந்து ஒரு அறை விழுந்தது. காதுக்குள் இரைச்சல் நிரம்பிப்போயிற்று. அந்த இளவட்டம் போனை உயர்த்திப் படம் எடுத்துக்கொண்டிருந்தான். மீராவை யாரோ என் கையிலிருந்து வாங்கிவிட்டார்கள்.

வாங்கினது ஒரு அம்மா. கையில் தூக்குச்சட்டி, தீப்பெட்டி செய்கிற ஆபீசுக்கு வேலைக்குப் போகிறவள். பேர் பேச்சியம்மாள் என்று பிறகு தெரிந்தது. "பிள்ள முன்னால அடிக்காதீங்கய்யா" என்றாள். பெஞ்சில் உட்கார்ந்து மீராவை மடியில் வைத்துக்கொண்டு, முந்தானை முடிச்சிலிருந்து கடலைமிட்டாய் ஒன்றை எடுத்துக் கொடுத்தாள்.

"பிள்ளைய எறக்கி விடுங்க, யாருகிட்ட ஓடுதுன்னு பாப்பம்" என்றார் ஒருவர்.

"மீரா, வா" என்றேன். அவளுக்குத் தெரிந்த தமிழ்ச் சொல். ஆனால் அவள் போனுக்கான கோபத்தில் இருந்தாள். மிட்டாயைக் கடித்துக்கொண்டு எனக்கு முதுகைக் காட்டித் திரும்பி உட்கார்ந்தாள்.

"முகத்தத் திருப்பிக்கிடுச்சு. இதுக்கு மேல என்ன வேணும்?"

"அந்த மரத்துல கட்டுங்க. போலீசு வரட்டும்."

"போலீசு வந்து என்ன செய்யும். விட்டுரும்."

இதைச் சொன்னவர் கத்தவில்லை. சாவகாசமாக, இன்றைக்குக் காற்று அதிகம் என்று சொல்கிற மாதிரி சொன்னார்.  என்னை என்ன செய்வார்கள் என்பது ஒரு பக்கம். எனக்கு ஏதாவது ஆகிவிட்டால், நாலு தமிழ்ச் சொல் தெரிந்த இந்தப் பிள்ளை யாரென்று யாருக்குத் தெரியும்? யாரிடம் போய்ச் சேரும்? பாப்பா பாப்பா என்று அவள் எவ்வளவு கத்தினாலும், குழந்தை அழுகிறது என்றுதானே கேட்பவர்களுக்குப் படும்?

இரண்டு பேர் என் கையைப் பின்னால் முறுக்கிக் கழுத்தைக் கீழே அழுத்தினார்கள். தலை குனிந்தது.

"நில்லுங்க" என்றாள் பேச்சியம்மாள். அவள் மீராவின் தலையைத் தடவிக்கொண்டே இருந்தவள். "இந்தப் பிள்ளைக்கு ரெட்டைச் சுழி. அந்த ஆளு மண்டையும் ரெட்டைச் சுழி. பாருங்க."

"ரெட்டைச் சுழி ஊருக்குப் பத்துப் பேருக்கு இருக்கு, மதினி. எங்க மாடு ஒண்ணுக்கும் இருக்கு."

இரண்டு பேர் சிரித்தார்கள். ஆனாலும் மண்டையைப் பார்க்க எல்லோரும் ஒரு முறை குனிந்தார்கள். பிடி கொஞ்சம் தளர்ந்தது. அந்த இடைவெளி போதும் மீராவுக்கு. பாப்பா தலையைக் குனிந்து காட்டுகிறார், எல்லோரும் சுற்றி நின்று பார்க்கிறார்கள், விளையாட்டு ஆரம்பித்துவிட்டது என்று நினைத்தாளோ என்னவோ. மடியிலிருந்து இறங்கி வந்தாள். மிட்டாய்ப் பாகு ஒட்டின கையால் என் மண்டையைப் பரபரவென்று தேய்த்தாள். கன்னத்தை அதன் மேல் சாய்த்து வைத்துக்கொண்டாள்.

"ஈகல்" என்றாள். மூக்கை உறிஞ்சிக்கொண்டு இன்னொரு முறை, "ஈகல்."

 கையை விட்டார்கள்.

"ஏலே, எந்தப் பிள்ள பிடிக்கவன் தலையில பிள்ள கன்னத்த வைக்கும்?" என்றாள் பேச்சியம்மாள். "வந்துட்டானுவ."

வெள்ளைச் சட்டைக்காரர் பாஸ்போர்ட்டைத் தன் சட்டையில் துடைத்துத் திருப்பிக் கொடுத்தார். "தப்பா எடுத்துக்கிடாதிய அண்ணாச்சி. பிள்ள நெறமும் ஒங்க நெறமும்... நாங்க பிள்ளைக்காகத்தான் கேட்டோம்" என்றார். அது உண்மைதான். அங்கே நின்ற ஒருவரும் கெட்ட எண்ணத்தில் வரவில்லை. அதுதான் இன்றைக்கும் எனக்குத் திகிலாக இருக்கிறது. அறைந்தவர் யாரென்று எனக்குத் தெரியவில்லை. டீ வந்தது. சர்க்கரை கூடப் போட்டிருந்தார்கள்.

"அழிச்சிட்டேம்ணே" என்று இளவட்டம் போனைக் காட்டினான். அந்தப் படத்தை அவன் ஏற்கெனவே குரூப்புக்கு அனுப்பியிருந்தான்.

பஸ் வரும் வரைக்கும் பேச்சியம்மாள் மீராவை விடவில்லை. "ஏட்டி, இங்கன பாரு. யாரு கேட்டாலும் அப்பான்னு சொல்லணும். எங்க, சொல்லு. அப்பா." சொன்னால் ஒரு துண்டு மிட்டாய். மீரா நாலு துண்டு சம்பாதித்தாள். பிறகு அந்த அம்மா என்னிடம் தாழ்ந்த குரலில், "எங்க லைன்ல பக்கத்துல ஒரு ஒரிசாக்காரப் பிள்ள வேல பாக்குது. அவ புருசன் கைப்பிள்ளையத் தூக்கிட்டுத் திரிவான். அவன் என்ன சொல்லித் தப்பிக்க?" என்றாள். பஸ் வந்து நின்றது.

4

கோவில்பட்டியில் அக்கா வீட்டுக் கதவைத் தட்டினேன். பாதி திறந்தாள்.

"யாரு வேணும்?"

"அக்கா, நான்தான்."

மொட்டையையும் தாடி இல்லாத முகத்தையும் ஒரு நிமிசம் பார்த்து, பிறகு வாயில் கை வைத்தாள். "ஏலே, நீயா? உள்ள வா, சீக்கிரம் வா. பிள்ளைய வெளியில நிறுத்தாத. எட்டயபுரம் பக்கம் பிள்ள பிடிக்கவன் ஒருத்தன் மாட்டியிருக்கானாம். எங்க தெரு குரூப்புல வந்திருக்கு." போனை நீட்டினாள். "பாவி, ஒன் சாடையாவே இருக்கான் பாரேன்."

பார்த்தேன். கழுத்தை அழுத்தக் கண் பிதுங்கி நின்ற ஒருவன். நானே பார்த்தாலும் நான் என்று சொல்லமாட்டேன்.

"சட்டைகூட ஒன் சட்டை மாதிரியே..." என்று ஆரம்பித்தவள் என் சட்டையைப் பார்த்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

மிச்சம் இருந்த நாள் முழுக்க நாங்கள் வீட்டை விட்டு இறங்கவில்லை. அந்தப் படம் தெருத்தெருவாகப் போய்க்கொண்டிருந்தது. பால்காரர் மணி அடித்தாலும் எனக்குத் தூக்கிவாரிப் போடும். அக்கா காலையும் மாலையும் மீராவை எதிரே உட்காரவைத்து, போலீஸ் குரலில், "இவன் யாரு?" என்று மிரட்டுவாள். மீரா விறைப்பாக நின்று, "அப்பா" என்பாள். காத்ரினுக்கு இதையெல்லாம் போனில் சொல்லவில்லை. வந்து சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தேன்.

5

பிராங்க்பர்ட்டில் இறங்கினபோது குளிர்ந்த காலை. தலைக்குத் தொப்பி போட்டிருந்தேன். அதே மாதிரிக் கூண்டு. உள்ளே வேறு அதிகாரி, ஒரு பெண். தொப்பியைக் கழற்றச் சொன்னாள். கழற்றினேன். முளைத்திருந்த முடியும் தாடியும் பாதிக்கு மேல் வெள்ளை. மை பூசிப் பூசி நானே மறந்திருந்தேன். படத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், மீராவைப் பார்த்தாள். பிறகு குனிந்து கேட்டாள்.

"இவர் யாரு?"

மீரா குதிகாலை ஒட்டி வைத்து, அத்தை சொல்லிக்கொடுத்த மாதிரி விறைத்து நின்றாள்.

"அப்பா."

"ஓப்பா?" என்றாள் அதிகாரி.

ஜெர்மனில் ஓப்பா என்றால் தாத்தா. அவள் புருவம் ஏறியது. தகப்பன் என்று கடிதம் சொல்கிற ஆளை, பிள்ளை தாத்தா என்கிறது. படத்துக்கும் ஆளுக்கும் சம்பந்தம் இல்லை. முத்திரையைக் கீழே வைத்துவிட்டாள். இன்னொரு அதிகாரியைக் கையசைத்துக் கூப்பிட்டாள்.

"மீரா," என்று வாயெடுத்தேன்.

"நீங்க பேசக்கூடாது. நான் குழந்தையைக் கேட்கிறேன்."

விலக்கில் விழுந்த அறையின் இரைச்சல் என் காதில் மறுபடி நிரம்பியது. வேப்ப மரம் இல்லை, புழுதி இல்லை. எல்லாம் சுத்தமாக, விளக்கு வெளிச்சமாக இருந்தது. ஆனால் மீராவின் கை என் கையில் இருக்குமா போகுமா என்பது, அவள் வாயிலிருந்து வரப்போகிற ஒரு சொல்லில்தான் இங்கேயும் தொங்கிக்கொண்டிருந்தது.

"உன் தாத்தாவா?"

"இல்லை. அப்பா."

"அப்பா என்றால்?"

மீரா என்னைப் பார்த்தாள். நான் கண்ணைக்கூட அசைக்கவில்லை.  பிறகு அவளுடைய ஜெர்மனில், தெளிவாக, ஒரு பெரிய மனுசி மாதிரி விளக்கினாள்.

"அங்கே இவர் அப்பா. அங்கே பாப்பா என்று சொன்னால் அடிப்பார்கள். இங்கே இவர் பாப்பா." கூண்டுக்கு அந்தப் பக்கம் இருந்த மஞ்சள் கோட்டைக் காட்டினாள். "நாங்கள் இன்னும் அந்தக் கோட்டைத் தாண்டவில்லையே. இப்போது நாங்கள் அங்கேயா, இங்கேயா?"

வந்து நின்ற இரண்டாவது அதிகாரி முதல் அதிகாரியைப் பார்த்தார்.  அவள் முத்திரையை எடுத்துக் குத்தினாள். பாஸ்போர்ட்டுகளை என் பக்கம் தள்ளினாள். 

மீரா முன்னால் ஓடினாள். இரண்டு காலையும் சேர்த்துக் கோட்டுக்கு அந்தப் பக்கம் குதித்தாள். திரும்பி நின்று, "பாப்பா, வா" என்றாள்.

தொப்பியை மாட்டிக்கொண்டேன்.

"ஓம்," என்றேன், "வாரேன்."